பேவர் பிளாக் தளம்: உங்கள் கையால் போடுவதானால் எந்த முறை?

வீட்டுக்கு வெளியே ஒரு நடைபாதை வேண்டும், அல்லது கார் நிறுத்த ஒரு தளம் வேண்டும். ஆள் வைக்காமல் நாமே போட்டுவிடலாம் என்று நினைக்கிறீர்கள். பேவர் பிளாக் என்றும் முடிவாகிவிட்டது. அப்புறம்தான் குழப்பம் ஆரம்பிக்கும். மண்மேல் மணலை விரித்துப் பதித்தால் போதும் என்பார் ஒருவர். கீழே கான்கிரீட் இல்லாமல் கல்லை வைக்கவே கூடாது என்பார் இன்னொருவர். இடைவெளியில் சிமென்ட் பால் ஊற்றச் சொல்வார் மூன்றாமவர். மூவரும் கண்ணால் பார்த்ததைத்தான் சொல்கிறார்கள். ஆனால் அவர்கள் பார்த்த தளங்களைப் போட்டவர்கள் பெரும்பாலும் தொழில் தெரிந்தவர்கள். முதல் தடவை கை வைக்கிறவருக்கு அளவுகோல் வேறு.

என் அளவுகோல் இதுதான்: செய்த தப்பை, எதையும் உடைக்காமல், அதே கல்லை வைத்தே திருத்த முடிகிற முறை எதுவோ அதுவே நமக்கான முறை. முதல் தளத்தில் தப்பு நடக்கும். ஓரிடத்தில் மட்டம் இறங்கும், ஓரிடத்தில் தண்ணீர் நிற்கும், ஒரு வரிசை நூல் பிசகிப் போகும். அதைச் சரிசெய்ய அரை நாள் வேலை போதுமா, தளத்தையே உடைக்க வேண்டி வருமா என்பது நீங்கள் கீழே என்ன போட்டீர்கள் என்பதைப் பொறுத்தது.

இந்தக் கல்லின் பிறப்பிலேயே அந்தக் குணம் இருக்கிறது. இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு நெதர்லாந்தில் செங்கல்லெல்லாம் வீடு கட்டப் போய்விட, தெருவில் பதிக்கக் கான்கிரீட் கல் வந்தது. அங்கே இன்றும் தெருவுக்கு அடியில் குழாய் பழுதானால் கற்களைப் பிரித்து அடுக்கிவைத்து, வேலை முடிந்ததும் அதே கற்களை மறுபடி பதித்துவிடுகிறார்கள். பிரித்துச் சேர்க்கவே உண்டான ஒரு பொருளை சிமென்டில் புதைப்பது அதன் பாதிப் பயனைத் தூக்கி எறிவதுதான் என்பது என் கருத்து.

அடியில் என்ன போடுவது

முதல் வழி, மண்ணைச் சீவிவிட்டு நேரே மணல் விரித்துப் பதிப்பது. செலவும் உழைப்பும் குறைவு. செடிகளுக்கு நடுவே மனிதர் மட்டும் நடக்கிற ஒற்றையடிப் பாதைக்கு, அதுவும் மண் கெட்டியாகவும் தண்ணீர் வடிவதாகவும் இருந்தால், இது ஓடும். மற்ற இடங்களில் ஓடாது. வீட்டின் பக்கவாட்டில் நான் முதலில் போட்ட பாதை இப்படித்தான். மண் மேடுபள்ளமாக இருந்த இடங்களை மணலைக் கூட்டிக் குறைத்துச் சமப்படுத்தினேன். பார்வைக்கு அழகாக இருந்தது. முதல் பெருமழைக்குப் பிறகு, மணல் கனமாக இருந்த இடமெல்லாம் தாழ்ந்து, பாதை அலை அலையாக ஆகிவிட்டது. தப்பு கல்லில் இல்லை. மணலை நான் நிரப்பும் பொருளாக நினைத்ததுதான் தப்பு. மணல் ஒரு மெத்தை மட்டுமே. எல்லா இடத்திலும் ஒரே கனத்தில் இருந்தால்தான் ஒரே அளவு அமுங்கும். நல்ல வேளை, ஒரு கல்கூட வீணாகவில்லை. எல்லாவற்றையும் எடுத்துவிட்டு ஜல்லி போட்டு, அதே கற்களை வைத்துத் திரும்பப் பதித்தேன்.

இரண்டாவது வழி அதுதான்: இறுக்கிய ஜல்லி அடுக்கு, அதன்மேல் மெல்லிய மணல், அதன்மேல் கல். என் பரிந்துரை இதுவே, அதனால் இதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன்.

ஜல்லி என்றால் ஒரே அளவுக் கல் அல்ல. 20 மி.மீ. முதல் தூள் வரை எல்லா அளவும் கலந்த உடைத்த கல் வேண்டும். பெரிய கற்களின் முனைகள் ஒன்றோடொன்று பிடித்துக்கொள்ள, சின்னவை இடுக்குகளை அடைக்க, மொத்தமும் ஒரு பலகை போல இறுகும். ஆற்றுக் கூழாங்கல் உருண்டையாக இருப்பதால் எவ்வளவு இடித்தாலும் நகர்ந்துகொண்டேதான் இருக்கும், அதைப் போடாதீர்கள். நடைபாதைக்கு இறுகிய பின் 100 மி.மீ. கனம் போதும். கார் ஏறும் இடத்துக்கு 150 முதல் 200 மி.மீ. வேண்டும். அடிமண் களிமண்ணாக இருந்தால் இன்னும் கூட்டுவது நல்லது. களிமண் ஈரத்தில் உப்பும், காய்ந்தால் சுருங்கும். தவிர, ஜல்லி மெல்ல அதற்குள் இறங்கிவிடும். இதைத் தடுக்க, தோண்டிய குழியில் ஜல்லிக்கு முன்னால் ஜியோடெக்ஸ்டைல் துணி விரிப்பது நல்ல யோசனை. தண்ணீரை விடும், மண்ணையும் ஜல்லியையும் கலக்க விடாது.

இறுக்குவதில்தான் எல்லாமே இருக்கிறது. 150 மி.மீ. ஜல்லியை ஒரேயடியாகக் கொட்டி மேலே இடித்தால், மேல்பக்கம் மட்டும் இறுகும், அடி தளர்வாகவே கிடக்கும். 75 மி.மீ. அளவுக்கு ஓர் அடுக்கு பரப்பி, லேசாகத் தண்ணீர் தெளித்து, இறுக்கி, அப்புறம் அடுத்த அடுக்கு. தூசி பறக்காத அளவு ஈரம் வேண்டும், சேறாகக் கூடாது. ஒரு சின்ன நடைபாதையானால் திமிசுக்கட்டையால் இடித்தே சமாளிக்கலாம், அடுக்கை 50 மி.மீ. ஆகக் குறைத்துக்கொண்டால். அதற்கு மேல் எதுவானாலும் பிளேட் காம்பாக்டரை, அதாவது அதிர்ந்து அதிர்ந்து தரையை இறுக்கும் தட்டு இயந்திரத்தை, வாடகைக்கு எடுங்கள். வேறு எதில் மிச்சம் பிடித்தாலும் இதில் பிடிக்காதீர்கள். கல்லை எப்போது வேண்டுமானாலும் எடுத்துத் திருத்தலாம். ஜல்லி அடுக்கைத் திருத்துவதென்றால் தளம் முழுவதையும் பிரிக்க வேண்டும்.

மணல் 25 முதல் 40 மி.மீ. வரைதான். கான்கிரீட்டுக்குப் போடும் கழுவிய பருமணல் சரியானது. பாறைத்தூள் மலிவாகக் கிடைக்கிறதே என்று அதை விரிப்பவர்கள் உண்டு. அந்தத் தூள் தண்ணீரைப் பிடித்துவைத்துக்கொள்ளும். நாளடைவில் கல்லுக்கு அடியில் குழைந்து நகரும். மணலை மட்டமாக்க, ஒரே விட்டமுள்ள இரண்டு குழாய்களை ஜல்லிமேல் தண்டவாளம் போல வைத்து, நடுவில் மணலைக் கொட்டி, நேரான ஒரு பலகையை அந்தக் குழாய்கள் மேல் இழுத்துவந்தால் போதும். குழாயை எடுத்த தடத்தில் மணலைத் தூவி நிரப்பிவிடலாம். விரித்த மணலை மிதிக்கவும் வேண்டாம், இடிக்கவும் வேண்டாம்; கல் பதித்த பிறகு மேலிருந்துதான் இறுக்குவோம். அப்போது கல் சில மில்லிமீட்டர் இறங்கும் என்பதால், சேர வேண்டிய மட்டத்தைவிட 5 முதல் 10 மி.மீ. உயர்த்தியே வைத்துக்கொள்ளுங்கள்.

வாட்டத்தை மணலில் கொடுக்கக் கூடாது. குழி தோண்டும்போதே மீட்டருக்கு 15 முதல் 20 மி.மீ. வீட்டைவிட்டு வெளிப்பக்கமாகச் சரிவு இருக்க வேண்டும். மண், ஜல்லி, மணல், கல் நான்கும் அதே சரிவில் போனால்தான் மணல் கனம் ஒரே சீராக இருக்கும்.

மூன்றாவது வழி, கான்கிரீட் தளம் போட்டு அதன்மேல் பதிப்பது. இதுதான் உறுதியானது என்று பலரும் நம்புகிறார்கள். உறுதிதான், ஆனால் உங்கள் தப்பையும் சேர்த்து உறுதியாக்கிவிடும். வாட்டம் பிசகினால் அது நிரந்தரம். அடிமண் ஓரிடத்தில் இறங்கினால் கான்கிரீட் விரிசல் விடும், அந்த விரிசல் மேலே உள்ள கல் வரிசையிலும் தெரியும். சிமென்ட் கலவையில் ஒட்டிய கல்லைப் பிறகு எடுத்தால் பாதி உடைந்துதான் வரும். மணல் போட்டுப் பதித்தாலும் ஒரு சிக்கல் இருக்கிறது. கற்களுக்கு இடையே இறங்கும் தண்ணீர் கான்கிரீட் மேல் தேங்கி மணலைச் சேறாக்கும். தாழ்வான இடங்களில் 50 மி.மீ. அளவுத் துளைகள் போட்டு, அவற்றில் பொடி ஜல்லி நிரப்பி, மேலே ஜியோடெக்ஸ்டைல் துண்டால் மூடினால்தான் தண்ணீர் வெளியேறும்.

இருந்தாலும் கான்கிரீட் பொருந்துகிற இடம் ஒன்று உண்டு. ஏற்கெனவே விரிசல் இல்லாத, சரியான வாட்டமுள்ள பழைய கான்கிரீட் தளம் இருந்தால், அதை உடைத்தெடுத்துவிட்டு ஜல்லி போடுவது வீண் உழைப்பு. அதன்மேலேயே பதியுங்கள். ஆனால் முதலில் உயரத்தைக் கணக்குப் பாருங்கள். 60 மி.மீ. கல்லும் 25 மி.மீ. மணலும் சேர்ந்தால் தளம் 85 மி.மீ. உயர்ந்துவிடும். கதவு திறக்குமா, வாசற்படி மூழ்குமா, சுவரில் ஈரத்தடுப்பு அடுக்குக்குக் கீழே 150 மி.மீ. இடைவெளி மிஞ்சுமா என்று பார்த்துவிட்டுத்தான் முடிவெடுக்க வேண்டும்.

நான்காவதாக, தண்ணீரைக் கீழே விடும் தளம். கலப்பு ஜல்லிக்குப் பதில் தூளே இல்லாத ஒரே அளவு ஜல்லி, மணலுக்குப் பதில் 5 மி.மீ. அளவுப் பொடி ஜல்லி, கல் இடுக்கை அகலமாக விட்டு அதிலும் அதே பொடி ஜல்லி. மழைநீர் ஓடாமல் அங்கேயே மண்ணுக்குள் இறங்கும். தண்ணீரை வெளியே கொண்டுபோக வழியில்லாத இடத்துக்கு இது அருமையான தீர்வு. ஆனால் வீட்டு அஸ்திவாரத்தை ஒட்டி இதைப் போடாதீர்கள், குறிப்பாகக் களிமண்ணில். இலைச்சருகும் மண்ணும் விழும் இடத்தில் இடுக்கு அடைத்துக்கொள்ளும். அவ்வப்போது சுத்தம் செய்து பொடி ஜல்லியை மாற்ற உங்களுக்குப் பொறுமை வேண்டும்.

எவ்வளவு வேலையை நாமே செய்வது

முழுவதும் நாமே, முழுவதும் ஆள், இரண்டும் கலந்து என்று மூன்று வழி. எடையைப் போட்டுப் பார்த்தால் முடிவு எளிதாகிவிடும். 6 மீட்டருக்கு 5 மீட்டர், அதாவது 30 சதுர மீட்டர் கார் தளம் என்று வைத்துக்கொள்வோம். 60 மி.மீ. கல், 30 மி.மீ. மணல், 150 மி.மீ. ஜல்லி, மொத்தம் 240 மி.மீ. ஆழம் தோண்ட வேண்டும். 7.2 கன மீட்டர் மண் வெளியே வரும். தோண்டினால் மண் பொலபொலவென்று உப்பி 9 கன மீட்டர் ஆகும். அதன் எடை சுமார் 12 டன். உள்ளே போகிற ஜல்லி இறுகிய பின் 4.5 கன மீட்டர், ஏறத்தாழ 10 டன். வாங்கும்போது கால் பங்கு கூட்டி வாங்க வேண்டும். மணல் ஒன்றரை டன்னுக்குக் கொஞ்சம் குறைவு. கல் 200க்கு 100 மி.மீ. அளவென்றால் சதுர மீட்டருக்கு 50, மொத்தம் 1,500 கல்; ஒன்று சுமார் 2.75 கிலோ, ஆக 4 டன் சொச்சம்.

கூட்டினால் 27 டன்னுக்கு மேல். அதில் நாம் ஆசைப்படும் பதிக்கும் வேலை 4 டன் மட்டும்தான். மீதியெல்லாம் தோண்டுவதும் சுமப்பதும். அதனால் இந்த அளவுத் தளத்துக்கு நான் சொல்வது: தோண்டுவதையும் ஜல்லி பரப்பி இறுக்குவதையும் இயந்திரம் வைத்திருப்பவரிடம் விடுங்கள். ஆழத்தையும் வாட்டத்தையும் நீங்களே நூல் கட்டிக் கூட நின்று பாருங்கள். மணல் விரிப்பது, பதிப்பது, இடுக்கு நிரப்புவது உங்கள் கையில் இருக்கட்டும். 10 சதுர மீட்டருக்குள் என்றால் எல்லாவற்றையும் நீங்களே செய்யலாம், ஓரிரு வார இறுதிகளில் முடித்துவிட வேண்டும் என்று அவசரப்படாமல் இருந்தால். எப்படியானாலும் தோண்டுவதற்கு முன் தண்ணீர்க் குழாயும் மின் கம்பியும் எங்கே போகின்றன என்று தெரிந்துகொண்டுதான் கடப்பாரையை எடுக்க வேண்டும்.

முழுக்க ஆளிடம் விடுவதானால், அவரிடம் கேட்க வேண்டிய கேள்வி கல்லின் விலை அல்ல. ஜல்லி எத்தனை மி.மீ., எத்தனை அடுக்காக இறுக்குவீர்கள் என்று கேளுங்கள். பதில் தெளிவாக வராவிட்டால் வேறு ஆளைத் தேடுங்கள்.

கல்லைத் தேர்ந்தெடுப்பது

கனத்தில் அதிகம் யோசிக்க ஒன்றுமில்லை. நடப்பதற்கும் சாதாரணக் காருக்கும் 60 மி.மீ.; பாரவண்டி வந்து திரும்பும் இடமென்றால் 80 மி.மீ. கனமான கல்லை வாங்கிவிட்டு ஜல்லியைக் குறைப்பது மட்டும் வேண்டாம். ஒன்று மற்றொன்றுக்கு ஈடாகாது.

வடிவத்தில் யோசிக்க இருக்கிறது. வளைந்து நெளிந்த பற்கள் உள்ள கற்கள் ஒன்றையொன்று நன்றாகக் கவ்வும். ஆனால் ஓரத்துக்கு வந்தால் ஒவ்வொரு வரிசைக்கும் வெட்டுத் துண்டு வேண்டும். பத்து வருடம் கழித்து அதே வடிவம் கடையில் இருக்குமா என்பதும் சந்தேகம். சாதாரண நீள்சதுரக் கல் எங்கும் கிடைக்கும், வெட்டுவது எளிது, எந்த வரிசைக்கும் பொருந்தும். கவ்வும் பலத்தைப் பதிக்கும் முறையில் கொண்டுவந்துவிடலாம். மீன்முள் வரிசை என்று ஒன்று உண்டு. ஒரு கல்லின் தலை அடுத்த கல்லின் விலாவில் முட்டுகிற மாதிரி மாற்றி மாற்றி வைப்பது. கார் பிரேக் போட்டாலும் சக்கரத்தைத் திருப்பினாலும் விசை எல்லாப் பக்கமும் பிரிந்துபோகும். கார் தளத்துக்கு அதுதான் சரி. நடைபாதைக்குச் செங்கல் சுவர் போல இணைப்பு தள்ளிவரும் வரிசை போதும், வெட்டும் வேலையும் குறையும்.

அச்சில் ஊற்றி வார்த்த பளபளப்பான கல்லா, இயந்திரத்தில் அழுத்தி வார்த்த சொரசொரப்பான கல்லா என்றும் கேட்பார்கள். வெளியில், மழை படும் இடத்தில், சொரசொரப்புதான். பளபளப்பான முகம் நனைந்தால் வழுக்கும். வயதானவர்கள் நடக்கிற வீட்டில் இது சின்ன விஷயம் இல்லை. வாங்கும்போது வார்த்த தேதியைக் கேளுங்கள். கான்கிரீட் தன் முழு பலத்துக்கு வர 28 நாள் கணக்கு. பச்சைக் கல்லை இறக்கினால் முனை உதிரும். நிறம் போட்ட கல்லானால், இறக்கிவைத்த மூன்று கல் அடுக்குகளிலிருந்து மாற்றி மாற்றி எடுத்துப் பதியுங்கள். ஒரே அடுக்கை முடித்துவிட்டு அடுத்ததற்குப் போனால், சாய வேறுபாடு தரையில் பட்டை பட்டையாகத் தெரியும். சில வாரத்தில் கல்மேல் வெள்ளையாகப் பூத்தால் பயப்பட வேண்டாம். கான்கிரீட்டில் உள்ள சுண்ணாம்பு ஈரத்தோடு மேலே வந்து காற்றில் கார்பனேட் ஆவதுதான் அது. பெரும்பாலும் மாதக்கணக்கில் மழையிலும் வெயிலிலும் தானே போய்விடும். அதற்குள் மேல்பூச்சு அடித்துவிட்டால்தான் உள்ளே மாட்டிக்கொள்ளும்.

வெட்டும்போது ஒன்றில் கண்டிப்பாக இருங்கள். கான்கிரீட் தூளில் சிலிக்கா இருக்கிறது, அது நுரையீரலைக் கெடுக்கும். தண்ணீர் விட்டு வெட்டுங்கள், முகமூடியும் கண்ணாடியும் போட்டுக்கொள்ளுங்கள். மூன்றில் ஒரு பங்குக்குக் குறைவான துண்டு ஓரத்தில் நிற்காது. அப்படி வருமானால் முந்தைய கல்லையும் சேர்த்து வெட்டி, இரண்டு நடுத்தரத் துண்டாக்கிவிடுங்கள்.

ஓரமும் இடுக்கும்

ஓரத்தில் தடுப்பு இல்லாத தளம் மெல்ல மெல்ல வெளிப்பக்கமாக நகரும், இடுக்குகள் திறக்கும், மணல் போய்விடும். தடுப்புக்கு மூன்று வழி. ஆயத்தக் கர்ப் கல்லை (ஓரத்துக்கென்றே வார்த்த நீளமான கான்கிரீட் கல்) கான்கிரீட்டில் நிறுத்துவது, ஓரக் கல்லின் வெளிப்பக்கம் கான்கிரீட்டால் சாய்வாக அணை கட்டுவது, பிளாஸ்டிக் விளிம்பை நீள ஆணியால் ஜல்லியில் அறைவது. கார் தளத்துக்குக் கர்ப் கல். நடைபாதைக்கு முதல்முறை செய்பவருக்கு நான் சொல்வது பிளாஸ்டிக் விளிம்பு; வரிசை பிசகினால் ஆணியைப் பிடுங்கி நகர்த்திக்கொள்ளலாம். ஆனால் ஆணி பிடிக்க ஜல்லி வேண்டுமே! அதனால் ஜல்லி அடுக்கு கல்லின் ஓரத்தைத் தாண்டி 150 மி.மீ. வெளியே நீண்டிருக்க வேண்டும். தோண்டும்போதே இதை யோசிக்காதவர்கள்தான் பிறகு கஷ்டப்படுகிறார்கள்.

தண்ணீரைக் கீழே விடும் தளம் தவிர மற்றவற்றுக்கு இடுக்கு 2 முதல் 4 மி.மீ. அதில் சிமென்ட் பால் ஊற்றினால் புல் முளைக்காது என்று நினைப்பது புரிகிறது. ஆனால் வெயிலில் கல் விரியும்போது அந்தச் சிமென்ட் வெடிக்கும், வெடிப்பில் புல் முளைக்கும், கல்லையோ எடுக்க முடியாது. காய்ந்த நுண்மணல்தான் அடிப்படை வழி. மேலே கொட்டி, துடைப்பத்தால் தள்ளி, அடியில் ரப்பர் பாய் போட்ட காம்பாக்டரை ஓட்டி, இறங்கிய இடத்தில் மறுபடி தள்ளி, மறுபடி ஓட்டி, இடுக்கு நிரம்பும்வரை செய்ய வேண்டும். முதல் சில மாதங்களில் மணல் இறங்கும், இன்னொரு முறை நிரப்ப வேண்டியிருக்கும். எறும்பும் கொஞ்சம் கிளறும். பாலிமர் மணல் இந்தத் தொல்லையைக் குறைக்கும். தண்ணீர் தெளித்ததும் இறுகி, ரப்பர் போல் லேசாக வளையும் தன்மையோடு நிற்கும். ஆனால் கல் முழுக்கக் காய்ந்திருக்க வேண்டும், மேலே ஒட்டிய தூளை ஒன்றுவிடாமல் ஊதி எடுக்க வேண்டும், ஒரு நாளாவது மழை வரக் கூடாது. இதில் ஒன்று தவறினாலும் கல்மேல் வெண்திரை படிந்துவிடும், அதை எடுப்பது கடினம். அதனால் முதல் வருடம் சாதாரண மணலோடு விட்டுவிட்டு, தளம் எங்கும் இறங்கவில்லை என்று தெரிந்த பிறகு பாலிமர் மணலுக்குப் போவதே நல்லது. புல்லைப் பொறுத்தவரை, பெரும்பாலும் விதை மேலிருந்துதான் விழுகிறது. பெருக்கிச் சுத்தமாக வைத்தாலே பாதி குறையும்.

முதல் பெருமழை விட்டதும் வெளியே போய்ப் பாருங்கள். தண்ணீர் நிற்கும் இடத்தைச் சாக்பீஸால் வட்டமிட்டு வையுங்கள். காய்ந்த பிறகு, வட்டத்தின் நடுவில் ஒரு கல்லை இரண்டு பக்கமும் தட்டையான திருப்புளி விட்டு ஆட்டி ஆட்டி மேலே எடுங்கள். முதல் கல்தான் கஷ்டம், மற்றவை கையோடு வரும். அடியில் மணலைக் கொஞ்சம் தூவி, பலகையால் இழுத்து, கற்களை வைத்து, ரப்பர் சுத்தியலால் தட்டி, இடுக்கில் மணல் தள்ளுங்கள். எடுக்கும்போது ஏதாவது உடைந்தால் மாற்றத்தான் வாங்கும்போதே 5 முதல் 10 சதவீதம் கூடுதலாக வாங்கி, வெட்டியது போக மிஞ்சும் கற்களை ஒரு மூலையில் வெயிலும் மழையும் படும்படி அடுக்கிவைக்கச் சொல்வேன். நிழலில் வைத்த கல் நிறம் மங்காமலே இருக்கும். பிறகு தளத்தில் வைத்தால் தனியாகத் தெரியும்.